சட்டைப் பையும் தொண்ணூற்றொரு படியும்

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டுக் கதவை நான் தாண்டுவதற்கு ஒரு சடங்கு உண்டு. மனைவி மனோ என் சட்டைப் பையை இரண்டு தரம் தட்டிப் பார்ப்பாள். உள்ளே பிளாஸ்ரிக் உறை சரசரத்தால் போகலாம். சத்தம் இல்லாவிட்டால் பேக்கரியில் பாண் வாங்கக்கூடப் போக முடியாது. அந்த உறைக்குள் என் அடையாள அட்டை, வீட்டில் யார் யார் இருக்கிறோம் என்ற பொலிஸ் பதிவுத் துண்டு, வேலை செய்யும் கந்தோரின் கடிதம் மூன்றும் இருக்கும். கொழும்பில் தமிழன் ஒருவனின் உயிர் இருப்பது நெஞ்சுக்குள் அல்ல, நெஞ்சுக்கு மேலே உள்ள பைக்குள்.

இந்த மாசி மாதம் அவள் அந்தப் பையை விமான நிலைய வாசலில் வைத்துத் தட்டினாள். இம்முறை கடவுச்சீட்டும் உள்ளே இருந்ததால் சத்தம் கொஞ்சம் கனமாகக் கேட்டது. நான் மெக்சிகோவுக்குப் போய்க்கொண்டிருந்தேன்.

சிரிக்காதீர்கள், உண்மைதான். கொட்டாஞ்சேனையில் தேங்காய்த் தும்புக்கயிறு ஏற்றுமதி செய்யும் ஒரு கடையில் பதினெட்டு வருடமாக நான் கயிறு தரம் பார்க்கிறேன். மெக்சிகோவின் யுகட்டான் பகுதியில் கற்றாழை மாதிரி ஒரு செடியில் நார் எடுத்துக் கயிறு திரிக்கிறார்கள். அங்கே மெறிடா என்ற நகரத்தில் கயிற்றுக்காரர்கள் எல்லாம் கூடும் மூன்று நாள் கூட்டம். அழைப்பு முதலாளி ஹாஜியாருக்குத்தான் வந்தது. "எனக்கு முட்டு வலி மாஸ்டர், அவ்வளவு நேரம் ப்ளேன்ல குந்த ஏலாது. நீங்க பெய்த்து வாங்க" என்றார். விசா டில்லிக்குப் போய்த் திரும்பி வர ஆறு கிழமை பிடித்தது.

கூட்டம் வெள்ளியோடு முடிந்தது. ஞாயிறு காலை 6.40க்கு விமானம். விசாவும் அந்த ஞாயிறோடு முடிகிறது. இடையில் ஒரு சனிக்கிழமை மட்டும் கையில் இருந்தது. நான் தங்கிய சின்ன ஹோட்டலின் வரவேற்பு மேசையில் லூப்பே என்ற பெண் இருந்தாள். மாயா மக்களின் பழைய நகரமான சிச்சென் இட்சாவுக்குத் தன் அக்காவின் கணவர் லாசரோ சுற்றுலாக்காரருக்கு வான் வண்டி விடுகிறார் என்றாள். போக வர 240 கிலோமீற்றர், மதியச் சாப்பாட்டோடு 350 பேசோ. எங்கள் காசில் ஏறத்தாழ மூவாயிரத்து முந்நூறு ரூபா. மனோவுக்குச் சொல்வதில்லை என்று தீர்மானித்துவிட்டு ஓம் என்றேன்.

காலை 7.30

வானில் என்னையும் சேர்த்து ஏழு பயணிகள். நெதர்லாந்தில் இருந்து வந்த இரண்டு சிநேகிதிகள், அவர்களில் ஆன்னெக்கே ஓய்வுபெற்ற தாதி, அறுபத்தெட்டு வயது. வட மெக்சிகோவில் ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்ந்த ராமிரோவும் மனைவியும். ஆர்ஜென்ரீனாவில் இருந்து வந்த புதுமணத் தம்பதி, அவர்கள் நாள் முழுக்கத் தூங்கினார்கள் என்பதால் அவர்களைப் பற்றி வேறு தகவல் இல்லை. ஏழாவது நான்.

ஓட்டியும் வழிகாட்டியும் லாசரோதான். ஐம்பது வயது, கட்டையான உருவம், மாயா இனத்தவர். எல்லாரும் ஆங்கிலத்தில்தான் கதைத்தோம். ஆனால் அவர்களின் பேச்சை நான் என் காதுக்குக் கேட்ட மாதிரி எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன். லாசரோ கோபிக்க மாட்டார்.

ஊர் தட்டையான ஊர். மலை இல்லை, ஆறு இல்லை. வெள்ளைச் சுண்ணாம்புக் கல்லும் பற்றைக்காடும் நார்ச்செடித் தோட்டங்களும். நான் யன்னலால் செடிகளை எண்ணிக்கொண்டு வந்தேன், தொழில் பழக்கம்.

காலை 8.25

வான் வேகம் குறைந்தது. முன்னால் மணல் மூட்டைகள், இரண்டு பீப்பாய், ஓர் இராணுவ ட்ரக், துப்பாக்கியோடு நாலு பேர்.

இனி நடந்தது என் மூளைக்குத் தெரியாமல் நடந்தது. வெள்ளவத்தையில் இருந்து கொட்டாஞ்சேனைக்குப் போகும் பஸ்ஸில் நான் தினமும் இரண்டு, மூன்று இடத்தில் இறங்கி, வரிசையில் நடந்து, காட்டிவிட்டு ஏறுகிறவன். கால்களுக்கு மெக்சிகோ என்றால் என்ன தெரியும்? வான் முழுதாக நிற்கும் முன்னே கதவை இழுத்துத் திறந்தேன். இறங்கினேன். இடப்பக்கம் ஒதுங்கி, தோள்பையின் சிப்பைத் திறந்து, கைகளை உடம்பில் இருந்து சற்று விலக்கி, வலக்கையில் அடையாள அட்டையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு வரிசையில் நின்றேன். வரிசையில் நான் ஒருவன்தான்.

வானுக்குள் இருந்தவர்கள் இதுதான் இந்த நாட்டு வழக்கம் என்று நினைத்துவிட்டார்கள். ஆன்னெக்கேயும் சிநேகிதியும் இறங்கி எனக்குப் பின்னால் நின்றார்கள். ராமிரோ "என்ர நாட்டில எனக்கே தெரியாத சட்டமோ" என்று முணுமுணுத்துக்கொண்டு மனைவியோடு இறங்கினார். புதுமணத் தம்பதி கண்ணைக் கசக்கியபடி கடைசியில். ஏழு பேரும் பையைத் திறந்து, கையை விரித்து நிற்கிறோம்.

இராணுவக்காரன் லாசரோவைப் பார்த்துக் கேட்டதை அவர் பிறகு எங்களுக்குச் சொன்னார். "இவைக்கு என்ன நடந்தது? மூத்திரம் வருதோ?"

லாசரோ அவனுக்கு ஸ்பானிய மொழியில் பதில் சொல்லவில்லை. அவனுடைய முகத்தைப் பார்த்துவிட்டு மாயா மொழியில் தொடங்கினார். அவனும் மாயாதான். உடனே அவனும் அதே மொழிக்கு மாறினான். இரண்டு பேரும் உரத்த குரலில், கையை ஆட்டி ஆட்டிக் கதைத்துச் சிரித்தார்கள். என்னை அதிசயிக்க வைத்தது சிச்சென் இட்சாவின் பிரமிட் அல்ல, அதற்கு இன்னும் ஐம்பது கிலோமீற்றர் இருந்தது. சோதனைச் சாவடியில் நின்றுகொண்டு தாய்மொழியில் சத்தம் போட்டுச் சிரிக்கலாம் என்பதே என்னை அதிசயிக்க வைத்தது. எங்கள் பஸ்ஸில் சாவடி நெருங்கும்போது மனோவும் நானும் குரலை அடக்கிவிடுவோம். எனக்குத் தெரிந்த சிங்களம் அத்தனையும் அந்த நூறு மீற்றருக்குள் வெளியே வந்துவிடும்.

அவன் என் அடையாள அட்டையை வாங்கினான். தமிழையும் சிங்களத்தையும் நேராகப் பார்த்தான், தலைகீழாகப் பார்த்தான்.

"இது எங்கட கல்லில வெட்டியிருக்கிற எழுத்தை விட வளைஞ்சு கிடக்காம்" என்றார் லாசரோ. "சரி, கடவுச்சீட்டைக் காட்டச் சொல்லுறான்."

பையைத் தட்டினேன். உறை சரசரத்தது. ஆனால் கனமான சத்தம் இல்லை.

கடவுச்சீட்டு மெறிடாவில் இருந்தது. தொலைத்துவிடுவேன் என்ற பயத்தில் முதல் நாள் இரவு தலையணை உறைக்குள் வைத்து, அதன்மேல் தலையையும் வைத்துப் படுத்திருந்தேன். காலையில் தலையை மட்டும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். கதவடியில் தட்டிப் பார்க்க ஆள் இல்லாததன் விளைவு.

லாசரோ மறுபடி கதைத்தார். அட்டை திரும்பி வந்தது. "உங்களை விடுறானாம். ஆனா பின்னேரம் நாலு மணிக்கு இவன் போயிடுவான், குடிவரவுக்காரர் வந்து நிப்பினம். அவை சிரிக்கிற ஆக்கள் இல்லையாம். கடவுச்சீட்டு இல்லாட்டி மெறிடாவுக்குக் கொண்டு போய் இருத்தி வைப்பினம். கந்தோர் திங்கக்கிழமைதான் திறக்கும்."

ஞாயிறு காலை விமானம். ஞாயிறு வரைக்கும்தான் விசா. திங்கள் நான் விசா முடிந்த ஆள். இதை யாராவது மனோவுக்குத் தொலைபேசியில் சொல்ல வேண்டும்.

வானில் ஏறியதும் பையை இன்னொரு தரம் தட்டிப் பார்த்தேன்.

காலை 10.00

சிச்சென் இட்சா. மரங்களுக்கு இடையால் வந்து வெளியில் இறங்கினால் நடு வெட்டவெளியில் அந்தப் பிரமிட் நிற்கிறது. முப்பது மீற்றர் உயரம், நாலு பக்கம் படி. ஒரு பக்கத்துக்குத் தொண்ணூற்றொன்று. நாலையும் கூட்டி மேலே உள்ள ஒரு படியையும் சேர்த்தால் வருடத்தின் நாள்கள் முந்நூற்று அறுபத்தைந்து. பஞ்சாங்கத்தைக் கல்லில் கட்டிவிட்டார்கள். லாசரோ படிகளுக்கு எதிரே நின்று கைதட்டினார். மேலே இருந்து ஒரு பறவை கீச்சிட்ட மாதிரி எதிரொலி வந்தது. எல்லாரும் மாறி மாறித் தட்டினோம். நான் தட்டியபோது மட்டும் பறவை திக்கித் திக்கிக் கத்தியது.

"ஏறுங்கோ" என்றார் லாசரோ. "பின்னேரத்தைப் பின்னேரம் பாப்பம். கடவுச்சீட்டு பத்திரமாத்தானே கிடக்கு?"

ஓம், பத்திரம்தான். அந்த ஆறுதலில் ஏறினேன். படிகள் ஒடுக்கம், ஒவ்வொன்றும் ஒரு சாணுக்கு மேல் உயரம். நடுவால் ஒரு கயிறு கட்டியிருந்தார்கள். உயிரை அதனிடம் ஒப்படைக்கும் முன் பெருவிரலால் உருட்டிப் பார்த்தேன். மூன்று புரி, உள்ளூர் நார், முறுக்கு நல்லது. ஹாஜியாருக்கு என்றால் இரண்டாம் தரம் என்று எழுதியிருப்பேன். தொங்குகிறவன் நான் என்பதால் முதல் தரம் என்று முடிவு செய்தேன்.

உச்சியில் காற்று. நாலு பக்கமும் தொடுவானம் வரை பச்சைக் காடு, கடல் மாதிரித் தட்டை. பார்க்கப் பார்க்க மனம் இளகியது. பாண் வாங்கப் போகவே பயப்படுகிறவனை ஹாஜியாரின் முட்டு வலி இங்கே கொண்டு வந்து நிறுத்தியிருக்கிறதே என்று நன்றியோடு கீழே பார்த்தேன். ஒரு வியாபாரப் பெண் பூவேலை செய்த வெள்ளைத் துணியொன்றை உதறி விரித்துக்கொண்டிருந்தாள். தலையணை உறை.

லூப்பே முதல் நாள் சொன்னது அப்போதுதான் மண்டையில் இறங்கியது. "நாளைக்குச் சனிக்கிழமை, கட்டில் துணியெல்லாம் மாத்தித் தோய்க்கப் போடுவம்."

காலை 10.50

அவசரமாக இறங்க வேண்டும். ஆனால் அந்தப் படிகளை மேலே இருந்து பார்த்தால் படி தெரியாது. வெறும் பாதாளம். கயிற்றை இரண்டு கையாலும் பிடித்து, முதல் படியில் குந்தி இருந்தேன். அவ்வளவுதான். கீழே போகவும் இல்லை, மேலே போகவும் இல்லை. மெறிடாவில் என் கடவுச்சீட்டு சவர்க்காரத் தண்ணீருக்குள் போய்க்கொண்டிருக்கிறது, நான் மாயாக்களின் ஜனவரி முதலாந்திகதியில் இருக்கிறேன்.

ஆன்னெக்கே வந்து எனக்குக் கீழ்ப்படியில் இருந்தார். "கீழ பாக்காதையும். என்ர முதுகைப் பாரும். ஒவ்வொரு படிக்கும் ஒரு வசனம் கதையும்."

"என்னத்தைக் கதைக்கிறது?"

"ஏன் காலமை வானால இறங்கினனீர்? அதைச் சொல்லும்."

சொன்னேன். படிக்கு ஒரு வசனம், படிக்கு ஒரு இருப்பு. மூன்று வருடத்துக்கு முன் ஒரு மாலை மாற்றுச் சட்டையோடு பாண் வாங்கப் போனேன். உறை பழைய சட்டையில் கிடந்தது. காலிக்குப் போகும் பெருவீதியில் சுற்றிவளைப்பு. அட்டை இல்லாதவர்களை ட்ரக்கில் ஏற்றினார்கள். முப்பதாம் படி. இரண்டு இரவு உள்ளே. எங்கே இருக்கிறேன் என்று வீட்டுக்குத் தெரியாது. மனோ என் அடையாள அட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு இடம் இடமாக அலைந்தாள். மூன்றாம் நாள் காலை கண்டுபிடித்தாள். அறுபதாம் படி. அன்று தொடங்கியதுதான் இந்தப் பை தட்டுகிற பழக்கம்.

"பிறகு?" என்றார் ஆன்னெக்கே.

"பாண் மட்டும் கடைசி வரைக்கும் வாங்கேல்லை."

இந்தப் பகிடிக்கு வெள்ளவத்தையில் எல்லாரும் சிரிப்பார்கள். அவர் சிரிக்கவில்லை. திரும்பி என் கணுக்காலைப் பிடித்துக்கொண்டார். மீதி முப்பது படியும் பிடித்த கையை விடவில்லை. காற்சட்டையின் பின்பக்கம் ஓர் அங்குலம் தேய, இருபத்தைந்து நிமிடத்தில் தரைக்கு வந்தேன்.

காலை 11.25

வாசலில் அட்டை போட்டுப் பேசும் தொலைபேசி. லாசரோ லூப்பேயைப் பிடித்தார். என் அறை பத்து மணிக்கே துப்புரவாகிவிட்டதாம். துணியெல்லாம் பெரிய கூடைக்குள் போய்விட்டது, தோய்க்கிறவரின் வண்டி பன்னிரண்டுக்கு வரும். "பொறுங்கோவாம், தேடுறாளாம்."

ஏழு பேரும் அந்தத் தொலைபேசியைச் சுற்றி நின்றோம். ராமிரோ தன் அட்டையையும் எடுத்துத் தயாராக வைத்திருந்தார். தம்பதிகூட முழித்திருந்தார்கள். லாசரோ எண்ணத் தொடங்கினார். "ஒரு உறை... இரண்டு... ஒவ்வொண்டாத் தட்டிப் பாக்கிறாள்... ஏழு... எட்டு..."

பன்னிரண்டாவது உறையில் சத்தம் கேட்டதாம்.

எனக்கு அழுகை வந்தது. வெயிலில் வியர்க்கிறது என்று காட்டிக்கொண்டேன். எங்கோ ஒரு நாட்டில், என் முகத்தை நாலு நாள் மட்டும் பார்த்த ஒருத்தி, எனக்காகத் துணியைத் தட்டித் தட்டிப் பார்த்திருக்கிறாள்.

"சரி" என்றார் லாசரோ. "பன்னிரண்டு மணி பஸ்ஸில அனுப்புறாள். கொண்டக்டர் தெரிஞ்ச ஆள். நாங்கள் சாப்பிடுற கடை வாசலில பஸ் நிக்கும், ரெண்டரைக்கு."

"கடவுச்சீட்டை பஸ்ஸிலயோ? தனியவோ?"

"அதுக்கு என்ன, ரிக்கற்றும் எடுக்க வேணுமோ?" என்றார் ராமிரோ.

மதியம் 12.15

எந்தப் பயணக் கட்டுரையிலும் ஒருவன் பார்த்த இடங்கள் இருக்க வேண்டும், ஆகவே சொல்கிறேன். பந்து விளையாடும் மைதானம் பார்த்தேன். நூற்றறுபது மீற்றருக்கு மேல் நீளம், சுவரில் உயரத்தில் கல் வளையம், அதற்குள் பந்தைப் போட வேண்டுமாம். என் கடவுச்சீட்டு இப்போது எந்த ஊரைத் தாண்டுகிறது என்று யோசித்தேன். மண்டையோடுகள் செதுக்கிய மேடை பார்த்தேன். யோசித்தேன். காட்டுப் பாதையால் முந்நூறு மீற்றர் நடந்து புனிதக் கிணறு பார்த்தேன்.

அந்தக் கிணற்றில் மட்டும் யோசனை நின்றது. நிலம் வட்டமாக உடைந்து உள்ளே விழுந்திருக்கிறது. கீழே அசையாத பச்சைத் தண்ணீர். "எங்களுக்கு மேல ஆறு இல்லை. எல்லாத் தண்ணியும் கல்லுக்குக் கீழால ஓடுது" என்றார் லாசரோ. யாழ்ப்பாணம் புத்தூரில் நிலாவரைக் கிணற்றடியில் நின்று எங்கள் ஆட்கள் சொல்வதும் இதேதான். அதே சுண்ணாம்புக் கல், அதே ஆறில்லாத தட்டை நிலம். பாதி உலகத்தைச் சுற்றி வந்து யாழ்ப்பாணத்துத் தண்ணீரை எட்டிப் பார்க்கிறேன். யுத்தம் நடப்பதால் நிலாவரைக்குப் போக எனக்குப் பாதுகாப்பு அமைச்சு அனுமதி தர வேண்டும். இங்கே வர 350 பேசோவும் நுழைவுச் சீட்டும் போதும்.

பிற்பகல் 2.30

பிஸ்தே என்ற சிற்றூரில் சாப்பாடு. சோள ரொட்டி, கோழி, கறுப்பு அவரை. கிண்ணத்தில் இருந்த செம்மஞ்சள் மிளகாயைத் தொட வேண்டாம் என்று லாசரோ இரண்டு தரம் எச்சரித்தார். நான் முழுதாக ஒன்றைக் கடித்துச் சப்பினேன். "ஆள் எங்கட ஆள்தான்" என்றார். அன்று நான் பயப்படாத ஒரே விஷயம் அதுதான்.

இரண்டரை என்றது மூன்றே கால் ஆனது. அந்த முக்கால் மணித்தியாலத்தை உங்களுக்கு எழுதப் போவதில்லை, நீங்கள் என்ன பாவம் செய்தீர்கள்? பஸ் வந்தது. கொண்டக்டர் இறங்கினார். கையில் பழுப்புக் கடதாசிச் சுற்று, மேலே ரப்பர் நாடா. தரவில்லை. பிரித்து, படத்தையும் என் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

"படத்தில இருக்கிறவர் பயந்த மாதிரி இல்லையாம்" என்றார் லாசரோ.

பிறகு கையில் தந்தார். சவர்க்கார வாசனை. காசு நீட்டினேன், வாங்கவில்லை. ஒரு ரொட்டியைச் சுருட்டி எடுத்துக்கொண்டு படியில் தொற்றினார், பஸ் போய்விட்டது. பெயர்கூடக் கேட்கவில்லை நான்.

மாலை 4.45

அதே மணல் மூட்டை. புது ஆட்கள், வெள்ளைச் சட்டை, மீசை. நான் கடவுச்சீட்டை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு தயாராக இருந்தேன். மீசைக்காரர் வானுக்குள் எட்டிக்கூடப் பார்க்காமல், போ போ என்று கையை ஆட்டினார்.

வான் நாலு மீற்றர் உருண்டது. உள்ளே ஒரே சத்தம். "அநியாயம்!" என்றார் ஆன்னெக்கே. "இவ்வளவு பாடுபட்டுப் போட்டு!" லாசரோ வானை நிறுத்தி, பின்னுக்கு எடுத்தார். யன்னலால் தலையை நீட்டி ஸ்பானிய மொழியில் நீளமாக ஏதோ விளக்கினார். பிரமிட் என்ற சொல்லும் லூப்பே என்ற பெயரும் அடிக்கடி வந்தன.

சிரிக்காத ஆட்கள் என்று சொன்னார்களே, அந்த மீசை மேலே போனது. கடவுச்சீட்டை வாங்கி ஒவ்வொரு பக்கமாகப் புரட்டிவிட்டு ஆங்கிலத்துக்கு மாறினார். "நாளையோட விசா முடியுது."

"நாளைக் காலமை போறன் சேர்."

"ஏன் இவ்வளவு அவசரம்?"

எங்கே போகிறாய், ஏன் வந்தாய், எப்போது போவாய் என்று என்னிடம் சாவடிகளில் கேட்டிருக்கிறார்கள். ஏன் அவசரம் என்று யாரும் கேட்டதில்லை. "வீட்டில பாத்துக்கொண்டிருப்பா" என்றேன். அவர் தலையாட்டிக் கடவுச்சீட்டைத் தந்தார். வானுக்குள் எல்லாரும் கைதட்டினார்கள்.

மாலை 6.35

மெறிடாவில் ஹோட்டல் வாசல். இறங்கி, எல்லாருக்கும் கை கொடுக்கலாம் என்று திரும்பினேன். ஆன்னெக்கே கையைப் பிடிக்கவில்லை. என் சட்டைப் பையை இரண்டு தரம் தட்டினார். கனமான சத்தம். அடுத்தது அவருடைய சிநேகிதி. பிறகு ராமிரோ, அவருடைய மனைவி, மணமகன், மணமகள். லாசரோ மூன்று தரம் தட்டினார், வழிகாட்டிக்கு அந்த உரிமை உண்டு. கடைசியாக உள்ளே இருந்து லூப்பே ஓடி வந்து தட்டினாள். வாசலில் போன ஒருவர் இது என்ன நேர்த்திக்கடனோ என்று நின்று பார்த்தார்.

அன்றிரவு கடவுச்சீட்டைப் பைக்குள் வைத்து, சட்டையோடு படுத்தேன். விமானம் 6.40க்கே போனது.

கட்டுநாயக்கா விமான நிலையத்தில் இருந்து வெள்ளவத்தைக்கு மூன்று இடத்தில் இறங்கினேன். கால்கள் தாமாக இறங்கின, தாமாக ஏறின. எனக்குப் பின்னால் யாரும் இறங்கி வரிசையில் நிற்கவில்லை என்பதைத் திரும்பித் திரும்பிப் பார்த்தேன். மாயாக்களின் மேடைகளையும் கோயில்களையும் மறந்துவிடுவேன், எனக்கு ஞாபகசக்தி குறைவு. ஒரு காரணமும் தெரியாமல் வெயிலில் எனக்குப் பின்னால் வந்து பையைத் திறந்துகொண்டு நின்ற ஆறு பேரை மறக்க மாட்டேன்.

வீட்டில் தேத்தண்ணியோடு மனோவுக்கு எல்லாவற்றையும் சொன்னேன், 350 பேசோவைத் தவிர. தலையணை உறை வந்த இடத்தில் அவள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டாள். கணுக்கால் வந்த இடத்தில் யன்னலைப் பார்த்தாள். கதை முடிந்ததும் கோப்பைகளை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

மாலை பாண் வாங்கப் புறப்பட்டேன். கதவடிக்கு வந்தாள். கையை உயர்த்தியவள் நிறுத்தினாள்.

"எத்தினை பேர் தட்டினவை எண்டு சொன்னனீங்கள்?"

"எட்டுப் பேர்."

"பொம்பிளையளுமோ?"

"ஐஞ்சு பேர்."

இரண்டு தரம் தட்டினாள். வழக்கத்தைவிடக் கொஞ்சம் பலமாகத்தான்.